எங்கள் வீட்டு வெந்நீரில் உங்கள் பெயர்

கள்ளக்குறிச்சி
17.11.2025

தேவிப்ரியா டீச்சருக்கு,

நான் அம்சவள்ளி. உங்கள் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியாராக இருக்கும் இளஞ்செழியனின் மனைவி. போனில் பேசாமல் எதற்குக் கடிதம் என்று நினைப்பீர்கள். போனில் பேசினால் எனக்கு அழுகை வந்துவிடும். அழுதால் நீங்கள் ஜெயித்த மாதிரி ஆகிவிடும். காகிதத்தில் அந்தத் தொல்லை இல்லை. மலைமேல் சிக்னல் சரியாகக் கிடைக்காது என்று அவரும் சொல்லியிருக்கிறார். அதில் எவ்வளவு உண்மையோ, இப்போது எல்லாமே சந்தேகமாக இருக்கிறது.

விஷயத்துக்கு வருகிறேன். ஆயுத பூஜை லீவில் எங்கள் குளியலறையில் புது ஹீட்டர் மாட்டினோம். டேங்க் இல்லாதது. குழாயைத் திறந்தால் அந்த நிமிடமே வெந்நீர் கொட்டும். போனிலேயே சூட்டைக் கூட்டலாம், குறைக்கலாம். என் மாமனாருக்கு இருபது வருடச் சர்க்கரை. முழங்காலுக்குக் கீழே அவருக்குச் சூடும் தெரியாது, குளிரும் தெரியாது. அவருக்காகத்தான் வாங்கியது. எலக்ட்ரீஷியன் பிச்சைமுத்து வந்து வயர் இழுத்து, பைப் கொடுத்து மாட்டிவிட்டுப் போனார். "வைஃபை எல்லாம் நம்ம வேலை இல்லீங்க" என்று கையை விரித்துவிட்டார்.

மறுநாள் நான் அங்கன்வாடிப் பயிற்சிக்குப் போய்விட்டு மாலையில் திரும்பினால் வைஃபை இணைந்திருந்தது. "யாருங்க வந்து பண்ணது?" என்று என் வீட்டுக்காரரிடம் கேட்டேன். "கம்பெனி ஆளு" என்றார். "டீயாவது குடுத்தீங்களா?" என்றேன். "குடுத்தேன்" என்றார். அது ஒன்றுதான் அன்றைக்கு அவர் சொன்ன உண்மை போலிருக்கிறது.

முந்தாநாள் நான் புது போன் வாங்கினேன். அதிலும் அந்த ஆப்பைப் போட்டுக்கொள்ளலாம் என்று அவருடைய போனைத் திறந்தேன். மேலே கொட்டை எழுத்தில் 'தேவிப்ரியா ஹோம்' என்று இருந்தது. அதற்குக் கீழே எங்கள் குளியலறை. அவர் பெயருக்கு நேரே 'மெம்பர்'. உங்கள் பெயருக்கு நேரே 'ஓனர்'.

நான் ஒன்றும் போன் தெரியாதவள் இல்லை. அங்கன்வாடியில் அத்தனை பிள்ளைகளின் எடையையும் உயரத்தையும் நான்தான் போனில் ஏற்றுகிறேன். ஓனர் என்றால் என்னவென்று தெரியும்.

அவரிடம் கேட்காமல் என் மாமனாரிடம் போய் உட்கார்ந்தேன். "ஹீட்டருக்கு வைஃபை போட யார் மாமா வந்தாங்க?" என்றேன்.

"ஒரு டீச்சரம்மா வந்துச்சு. நல்ல பொண்ணு. என் கால்ல கைய வச்சி, 'இது தெரியுதுங்களா அய்யா, இது தெரியுதுங்களா'ன்னு கேட்டுக்கினே இருந்துச்சு. ஏம்மா, உனக்குத் தெரியாதா?"

எனக்குத் தெரியாது டீச்சர். என் வீட்டுக்கு வந்து, என் டம்ளரில் டீ குடித்து, என் மாமனார் காலைத் தொட்டுப் பார்த்து, போகும்போது என் வீட்டுக்கு உங்கள் பெயரையும் வைத்துவிட்டுப் போயிருக்கிறீர்கள். வீட்டில் எல்லோருக்கும் தெரிந்தது எனக்கு மட்டும் தெரியாது.

அவரைக் கேட்டால் இன்னொரு பொய் சொல்வார். அதையும் சேர்த்து நான் சுமக்க வேண்டும். அதனால் உங்களைக் கேட்கிறேன். நீங்கள் யார்?

அம்சவள்ளி

*

வெள்ளிமலை
23.11.2025

அம்சவள்ளி அக்காவுக்கு வணக்கம்.

உங்கள் கடிதத்தை ஸ்டாஃப் ரூமில் வைத்துப் பிரித்தேன். இரண்டு வரி படித்ததும் மடித்துக்கொண்டு குவார்ட்டர்ஸுக்கு வந்துவிட்டேன். நான்கு நாளாகப் பதில் எழுதி எழுதிக் கிழித்தேன். இதையாவது அனுப்பிவிட வேண்டும்.

நடந்ததைச் சொல்கிறேன். அன்றைக்கு நான் ரிஷிவந்தியத்தில் உள்ள என் அண்ணன் வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தேன். கள்ளக்குறிச்சி பஸ் நிலையத்தில் இறங்கும்போது சார் போனில் கூப்பிட்டார். காலையிலிருந்து ஹீட்டரோடு போராடுவதாகவும், விளக்கு மின்னுகிறதே தவிர இணையவில்லை என்றும் சொன்னார். வந்து பார்த்தேன். உங்கள் ரவுட்டர் இரண்டு பெயரில் வைஃபை கொடுக்கிறது. ஹீட்டருக்கு அதில் ஒன்றுதான் புரியும். சார் இன்னொன்றில் முயன்றுகொண்டிருந்தார். அவருடைய போனில் இடமும் இல்லை, ஆப் இறங்கவே இல்லை. அதனால் என் போனில் இணைத்தேன். பிறகு அவர் சில படங்களை அழித்து இடம் செய்ததும் அவரைச் சேர்த்தேன். எந்தப் போனில் முதலில் இணைக்கிறோமோ அந்தப் பெயரை ஆப் தானாகவே வீட்டுக்கு வைத்துவிடும். நான் வைக்கவில்லை. ஆனால் மாற்றியிருக்கலாம். மாற்றாமல் விட்டது என் தவறு.

கம்பெனி ஆள் என்று சார் சொன்னது எனக்குத் தெரியாது. அடுத்த திங்கட்கிழமை பஸ்ஸில், "அக்காகிட்ட சொன்னீங்களா சார்?" என்று கேட்டேன். "சொல்லிட்டேன், உங்களுக்கு தேங்க்ஸ் சொல்லச் சொன்னா" என்றார். அந்த நன்றியை நான் நம்பி வைத்துக்கொண்டிருந்தேன்.

நான் யார் என்று கேட்டிருக்கிறீர்கள். அறிவியல் டீச்சர். இந்த மலைக்கு வந்து நான்கு வருடம். கல்யாணமாகிப் பதினோரு மாதத்தில் முடிந்துவிட்டது. அதற்குமேல் எழுத ஒன்றும் இல்லை. சாரோடு எனக்குள்ள பழக்கம், நான் கீழே வந்து திரும்பும் வாரங்களில் திங்கட்கிழமை பஸ்ஸும், மற்றபடி ஸ்டாஃப் ரூமும்தான். சனி ஞாயிறில் வீட்டில் என்ன நடந்தது, நீங்கள் வைத்த மொச்சைக் குழம்பு, உங்கள் மகள் பாரதியின் ரேங்க் கார்டு என்று சொல்லிக்கொண்டு வருவார். நான் கேட்பேன். அவ்வளவுதான் அக்கா.

அரையாண்டு லீவில் இறங்கும்போது உங்கள் முன்னாலேயே எல்லாவற்றையும் உங்கள் போனுக்கு மாற்றிக் கொடுத்துவிடுகிறேன். அதுவரை பொறுத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று, அய்யா இப்போதெல்லாம் பத்தரை மணிக்குத்தான் குளிக்கிறார், அதுவும் இருபது நிமிடத்துக்குமேல். மழைநாளில் அவ்வளவு நேரம் ஈரத்தில் இருக்க வேண்டாம் என்று சொல்லுங்கள்.

தேவிப்ரியா

*

கள்ளக்குறிச்சி
3.12.2025

டீச்சருக்கு,

நான் உங்களுக்கு அக்கா இல்லை. எனக்கு ஒரே தங்கை, அவள் உளுந்தூர்பேட்டையில் இருக்கிறாள்.

உங்கள் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். முதல் தடவை, பாவம் என்றுகூடத் தோன்றியது. இரண்டாவது தடவை மொச்சைக் குழம்பில் நின்றுவிட்டேன். டீச்சர், அவர் அந்தக் குழம்பைச் சாப்பிட்டுவிட்டு நன்றாக இருக்கிறது என்று என்னிடம் ஒரு வார்த்தை சொன்னதில்லை. தட்டைக் கழுவி வைத்துவிட்டு நியூஸ் பார்ப்பார். மலையில் என்ன நடந்தது என்று கேட்டால், "இன்னா நடக்கும், வழக்கம்போலத்தான்" என்பார். மூன்று வருடமாக எனக்குக் கிடைத்தது அந்த வழக்கம்போலத்தான். என் அடுப்பும் என் மகளின் மார்க்கும் திங்கட்கிழமை பஸ் ஏறி உங்களிடம் வந்துகொண்டிருந்திருக்கின்றன. வேறு ஏதாவது இருந்திருந்தால்கூட இவ்வளவு எரிந்திருக்காது.

சனிக்கிழமை அவரைக் கேட்டேவிட்டேன். "ஒரு ஒத்தாசைக்கு வந்தாங்க. சொன்னா நீ இன்னா நெனப்பியோன்னு வுட்டுட்டேன்" என்றார். "நெனைக்கிற மாதிரி ஏதாவது கீதா?" என்றேன். செருப்பை மாட்டிக்கொண்டு டீக்கடைக்குப் போய்விட்டார். மறுபடி உங்களோடு பேசினால் இந்த வீட்டில் சோறு இல்லை என்று, அவர் திரும்பி வந்ததும் சொன்னேன். தலையை ஆட்டினார்.

மூன்றாவது தடவை படித்தபோதுதான் கடைசி வரி உறைத்தது. என் மாமனார் பத்தரைக்குக் குளிப்பது உங்களுக்கு எப்படித் தெரியும்? இருபது நிமிடம் என்று எப்படித் தெரியும்? ஹீட்டர் ஓடினால் உங்கள் போனில் விழுகிறது, இல்லையா? அப்படியானால் நான் குளிப்பதும் விழுகிறது. என் மகள் குளிப்பதும் விழுகிறது. மலை உச்சியில் நின்றுகொண்டு எங்கள் குளியலறையைப் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.

அரையாண்டு லீவு வரை நான் எதற்குப் பொறுக்க வேண்டும்? இன்று வேலை முடிந்து வந்ததும் ஹீட்டரோடு வந்த புத்தகத்தை எடுத்தேன். பட்டனைப் பத்து நொடி விடாமல் அழுத்தச் சொல்லியிருந்தது. இருபது நொடி அழுத்தினேன். விளக்கு படபடவென்று மின்னி அணைந்தது. அவர் விட்டுவிட்டுப் போன பழைய டேப்லெட்டில் ஆப்பைப் பார்த்தேன். தேவிப்ரியா ஹோமில் ஒன்றுமே இல்லை.

இனி எங்கள் வீட்டு வெந்நீர் எங்கள் வீட்டோடு. எனக்கு எழுத வேண்டாம்.

அம்சவள்ளி

*

வெள்ளிமலை
5.12.2025

அம்சவள்ளி அவர்களுக்கு,

அவசரமாக எழுதுகிறேன். கூப்பிட்டுச் சொல்ல வேண்டிய விஷயம், உங்கள் எண் என்னிடம் இல்லை.

நேற்று என் போனில் உங்கள் ஹீட்டர் காணாமல் போயிருந்தது. நீங்கள்தான் அழித்திருப்பீர்கள். அதில் எனக்கு வருத்தம் இல்லை. ஆனால் அன்று அய்யாவின் காலைப் பார்த்துவிட்டு, தண்ணீர் நாற்பத்திரண்டு டிகிரிக்குமேல் போகாதபடி ஆப்பில் ஒரு வரம்பு வைத்திருந்தேன். முழுவதுமாக அழித்தால் அந்த வரம்பும் போய்விடும். கடையிலிருந்து வந்தபோது இருந்த அறுபதுக்கே திரும்பிவிடும். அறுபது டிகிரி தண்ணீர் நம் கையில் பட்டால் உடனே இழுத்துக்கொள்வோம். அய்யாவுக்குக் காலில் தெரியாது.

நேற்றே சாரிடம் சொல்லிவிட்டேன். உங்கள் எண்ணையும் கேட்டேன். "வேணாம் டீச்சர், நானே சொல்லிடறேன். சனிக்கெழம வூட்டுக்குத்தானே போறேன்" என்றார். சொல்லிவிடுவார். இருந்தாலும் மனம் கேட்கவில்லை.

ஹீட்டரின் முகப்பில் கூட்டல் குறி, கழித்தல் குறி போட்ட இரண்டு பட்டன் இருக்கும். கழித்தலை அழுத்தி நாற்பதுக்குக் கொண்டுவாருங்கள். கரண்ட் போய் வந்தால் மறுபடி ஏறிவிடும், மறுபடி குறைக்க வேண்டும். அதுவரை அய்யாவைத் தனியாகக் குளிக்க விடாதீர்கள்.

என்னைத் திட்டுவதற்காகவாவது இதைப் பிரித்துப் படித்துவிடுங்கள்.

தேவிப்ரியா

*

கள்ளக்குறிச்சி
10.12.2025

டீச்சருக்கு,

உங்கள் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. மாமாவின் கால் ஞாயிற்றுக்கிழமை வெந்துவிட்டது.

இருமல் என்று மூன்று நாள் அவர் குளிக்காமல் இருந்தார். அந்த மூன்று நாளும் தண்ணீர் கொதிப்பாகத்தான் வந்தது. குளிருக்கு நல்லதுதானே என்று நானும் பாரதியும் பச்சைத் தண்ணீர் கலந்துகொண்டோம். ஏன் இப்படி வருகிறது என்று நான் யோசிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை, "இன்னிக்குக் குளிச்சிடறேம்மா, உடம்பு பிசுபிசுன்னு கீது" என்று உள்ளே போனார். ஸ்டூலில் உட்கார்ந்து, முதலில் காலைக் குழாய்க்கு நேரே நீட்டி வெகுநேரம் நனையவிட்டு, பிறகு மேலுக்குத் துண்டை நனைத்துத் துடைத்துக்கொள்வது அவர் வழக்கம். நான் ஹாலை ஒட்டிய சமையலறையில் சட்னி அரைத்துக்கொண்டிருந்தேன். அவருடைய மகன் ஹாலில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

கதவுக்கு மேலே ஆவி புகைமாதிரி வந்தது. கூப்பிட்டுக்கொண்டே ஓடினேன். அதற்குள் அவரே கதவைத் திறந்து, துண்டால் காலைத் துடைத்துக்கொண்டிருந்தார். துண்டோடு தோல் வந்தது. அவருக்கு வலிக்கவில்லை டீச்சர். குனிந்து பார்த்துவிட்டு, "இன்னாம்மா இது, தோலு வருது?" என்று என்னிடம் கேட்டார். நான் அந்தக் கேள்வியை இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

இடது கால் பாதம் முழுக்க. சர்க்கரை உடம்பு, ஆறுவதற்கு நாளாகும், சுண்டுவிரல் பிழைக்குமா என்று பத்து நாள் கழித்துத்தான் சொல்ல முடியும் என்கிறார் டாக்டர்.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் பாரதி சாப்பாட்டோடு உங்கள் கடிதத்தையும் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்தாள். வராண்டாவில் நின்று படித்தேன். 'நேற்றே சாரிடம் சொல்லிவிட்டேன்' என்ற வரியை இன்னொரு தடவை படித்தேன். அவர் பக்கத்தில்தான் இருந்தார்.

"வியாழக்கெழம இந்த டீச்சர் உங்ககிட்ட இன்னா சொன்னாங்க?" என்றேன்.

கடிதத்தைப் பார்த்தார். "சொல்லணும்னுதான் வந்தேன் அம்சா. சனிக்கெழம சாப்ட்டுக்கினு இருக்கும்போது வாய் வரைக்கும் வந்துது. சொன்னா, மறுபடியும் அவகிட்ட பேசினியான்னு கேப்ப. காத்தால நீ மார்க்கெட்டுக்குப் போனதும் நானே கம்மி பண்ணி வச்சிடலாம்னு இருந்தேன். அதுக்குள்ள அப்பா எழுந்து போயிட்டாரு."

"போறத பாத்தீங்க இல்ல?"

"பாத்தேன்."

"இருப்பான்னு ஒரு வார்த்த சொல்றதுக்கு இன்னா?"

"நீ பக்கத்துல நின்னுக்கினு இருந்த."

"இத உங்க அப்பாகிட்ட நீங்களே சொல்லுங்க" என்று மட்டும் சொன்னேன். சொன்னார். கட்டிலின் கால்மாட்டில் நின்றுகொண்டு, பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி. "வாயத் தொறக்க பயந்துக்கினு என் கால வேக வச்சிட்டியேடா" என்றார் மாமா. பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

அவரை நான் சும்மா விடப்போவதில்லை. ஆனால் பட்டனை அழுத்தியது என் விரல். பத்து நொடி போதும் என்று இருந்ததை இருபது நொடி அழுத்தின விரல். பக்கத்தில் நான் நின்றதாலேயே ஒரு மனிதன் தன் அப்பனைத் தடுக்கவில்லை என்றால், அந்த வீட்டில் நான் எப்படி நின்றுகொண்டிருந்திருக்கிறேன் என்றும் யோசிக்கிறேன். பிடிக்கவில்லை, ஆனாலும் யோசிக்கிறேன்.

ஹீட்டரின் மெயின் சுவிட்சை அணைத்துவிட்டேன். அடுப்பில்தான் தண்ணீர் காய்கிறது. உங்களிடம் எனக்கு ஒரே ஒரு கேள்வி. எங்கள் வீட்டில் யார் எப்போது குளிக்கிறார்கள் என்று எதற்காகப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்? உண்மையை எழுதுங்கள். எனக்காகப் பூசி மெழுக வேண்டாம், எனக்கு இப்போது அதெல்லாம் தெரிந்துவிடும்.

அம்சவள்ளி

*

வெள்ளிமலை
16.12.2025

அம்சவள்ளி அவர்களுக்கு,

அய்யாவின் கால் எப்படி இருக்கிறது என்று சாரிடம் கேட்கவில்லை. அவரோடு நான் பேசுவதில்லை. திங்கட்கிழமை பஸ்ஸில் அவர் முன்னால் உட்கார்ந்தார், நான் கடைசிச் சீட்டுக்குப் போய்விட்டேன்.

முதலில் என் தவறு. வெள்ளிக்கிழமை மூன்றரை மணிக்குக் கீழே இறங்கும் பஸ் இருந்தது. நானே வந்திருக்கலாம். கடிதத்தைப் பெட்டியில் போட்டுவிட்டு அந்தப் பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு நின்றேன். உங்கள் வாசலில் நின்றால் என்ன சொல்வீர்களோ என்று பயம். சார் உங்களுக்குப் பயந்தார் என்றால் நானும்தான் பயந்தேன். அவரைச் சொல்ல எனக்கு வாய் இல்லை.

இனி நீங்கள் கேட்டது.

எங்கள் குவார்ட்டர்ஸில் சிக்னல் கிடையாது. பஸ் திரும்பும் வளைவில், டவர் தெரியும் இடத்தில்தான் கிடைக்கும். தினமும் காலை ஆறரைக்கு அங்கே நடந்து போவேன். யாருக்கும் போன் பண்ணுவதற்காக இல்லை. அண்ணன் வீட்டிலிருந்து வாரம் ஒரு செய்தி வந்தால் அதிகம். வளைவுக்குப் போனதும் போன் இரண்டு முறை அதிரும். ஐந்து நாற்பதுக்கு ஹீட்டர் ஓடியது, அது நீங்கள். ஆறு இருபதுக்கு ஓடியது, அது பாரதி. மாலையில் போனால் பத்தரைக்கு ஓடியது வந்திருக்கும், அது அய்யா. முதல் நாள் தற்செயலாகப் பார்த்தேன். அடுத்த நாள் பார்ப்பதற்காகவே போனேன்.

எனக்கு இங்கே விறகடுப்பு. நனைந்த விறகு என்றால் பச்சைத் தண்ணீர்தான். அந்தக் குளிரில் நின்றுகொண்டு, இப்போது ஒரு வீட்டில் ஒருத்தி தலைக்கு ஊற்றிக்கொண்டு அடுப்பைப் பற்றவைக்கப் போவாள், ஒரு பெண் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்புவாள் என்று நினைத்துக்கொள்வேன். ஒருநாள் ஐந்து நாற்பதுக்கு வரவில்லை. உங்களுக்கு உடம்பு சரியில்லையோ என்று அன்று முழுக்கப் பாடம் ஓடவில்லை. யாரென்றே தெரியாத உங்களுக்காக.

சார்மேல் எனக்கு ஆசை இருந்ததா என்று நீங்கள் கேட்கவில்லை, கேட்க நினைத்திருப்பீர்கள். நானும் என்னையே கேட்டுப் பார்த்தேன். அவர் வீட்டைப் பற்றிப் பேசினால் கேட்கப் பிடித்தது. பள்ளிக்கூடத்தைப் பற்றிப் பேசினால் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன். எனக்கு வேண்டியிருந்தது அவர் இல்லை. உங்கள் இடம். நீங்கள் என்மேல் பொறாமைப்பட்டீர்கள். அதற்கு முன்னாலிருந்தே நான் உங்கள்மேல் பொறாமைப்பட்டுக்கொண்டிருந்தேன். அந்தப் பெயரை மாற்றாமல் விட்டேன் என்று எழுதினேன் அல்லவா, அது மறதி இல்லை. மாற்ற அரை நிமிடம் போதும். உங்கள் குளியலறைக்கு மேலே என் பெயரும் ஹோம் என்ற வார்த்தையும் சேர்ந்து இருப்பதைப் பார்க்க நன்றாக இருந்தது. இதை எழுதும்போது கூச்சமாக இருக்கிறது.

ஹீட்டரை அணைத்தே வைக்காதீர்கள். நீங்களே இணைத்துவிடலாம், யாரும் வர வேண்டாம். ரவுட்டரின் இரண்டு பெயரில் கடைசியில் '5ஜி' என்று இல்லாத பெயரில் உங்கள் போனை முதலில் சேருங்கள். லொகேஷனை ஆன் செய்யுங்கள். ஹீட்டரில் வைஃபை பட்டனை ஐந்து நொடி அழுத்தினால் நீல விளக்கு வேகமாக மின்னும். அப்போது ஆப்பில் கூட்டல் குறியைத் தொட்டு, வைஃபை பாஸ்வேர்டைக் கொடுங்கள். விளக்கு மின்னுவது நின்று நிலையாக எரிந்தால் இணைந்துவிட்டது. செட்டிங்ஸில் உச்ச வெப்பம் என்று இருக்கும், அதை நாற்பதில் வையுங்கள். வைத்த பிறகு உங்கள் கையை விட்டுப் பாருங்கள். ஆப் சொல்வதை மட்டும் நம்பி அய்யாவை அனுப்ப வேண்டாம்.

நான் சேலம் பக்கம் மாறுதல் கேட்டு எழுதியிருக்கிறேன்.

தேவிப்ரியா

*

கள்ளக்குறிச்சி
10.1.2026

தேவிப்ரியாவுக்கு,

பதில் எழுத இவ்வளவு நாள் ஆனதற்குக் காரணம், உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு வாரம் கோபமாகவே இருந்ததுதான். பிறகு ஒருநாள் ஐந்து நாற்பதுக்கு எழுந்து அடுப்பில் தண்ணீர் வைக்கும்போது, அங்கே வளைவில் ஒருத்தி போனைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பாளே, இன்றைக்கு ஒன்றும் அதிராதே என்று தோன்றியது. அதற்கும் கோபம் வந்தது. ஆனால் அது வேறு கோபம்.

மாமாவின் சுண்டுவிரல் தப்பிவிட்டது. புதுத் தோல் ரோஸ் நிறத்தில் வருகிறது. ஒருநாள் விட்டு ஒருநாள் கட்டு மாற்றுகிறோம். வாக்கர் பிடித்து ஹால் வரை நடக்கிறார். மகனோடு பேசாமல்தான் இருந்தார். போன வாரம், "கட்ட நீயே மாத்துடா" என்று காலை நீட்டினார். இவர் தரையில் உட்கார்ந்து மாற்றினார். துணியை இரண்டு தடவை பிரித்துச் சுற்றினார். நான் போய் உதவவில்லை.

ஹீட்டரைப் போன ஞாயிற்றுக்கிழமை இணைத்துவிட்டேன். உங்கள் கடிதத்தைக் குளியலறைக் கதவில் கிளிப் போட்டு மாட்டிக்கொண்டு ஒவ்வொரு வரியாகச் செய்தேன். முதல் இரண்டு முறை வரவில்லை. பாஸ்வேர்டில் ஒரு எழுத்தைப் பெரிய எழுத்தாகப் போட்டிருக்கிறேன். மூன்றாவது முறை விளக்கு நின்று எரிந்தது. இவர் வெளியே நின்று, "நான் பண்ணட்டுமா?" என்றார். "வேணாம், நகருங்க" என்றேன். வீட்டுக்குப் பெயர் கேட்டது. அம்சவள்ளி என்று போட்டேன். ஹோம் எல்லாம் போடவில்லை, என் பெயரே போதும். நாற்பதில் வைத்து, நீங்கள் சொன்னபடி கையை விட்டு நூறு எண்ணும்வரை நின்றேன். அப்புறம்தான் மாமாவுக்கு வாளியில் பிடித்துக் கொடுத்தேன்.

"என்னையும் அதுல சேத்து வுடேன் அம்சா" என்றார் இவர்.

"இன்னாத்துக்கு?"

"மலையில தனியாத்தானே கீறேன். நீங்க எழுந்துட்டீங்களா இல்லையான்னு பாத்துக்குவேன்."

"போன் பண்ணிக் கேளுங்க. வாய் கீதில்ல?"

சேர்க்கவில்லை. உங்களையும் சேர்க்கவில்லை. யாரும் எங்களைத் தூரத்திலிருந்து பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டாம்.

லீவு முடிந்து மலைக்குப் போன நாளிலிருந்து தினமும் சாயந்திரம் கூப்பிடுகிறார். அந்த வளைவிலிருந்துதான் போலிருக்கிறது, காற்று இரைகிறது. ஆரம்பத்தில், "அப்புறம்?" "அப்புறம் இன்னா?" என்றே ஓடியது. இப்போது கொஞ்சம் பேச வருகிறது. ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன் பின்னத்தைப் பலாச்சுளையில் வைத்துப் புரிந்துகொண்டதைச் சொன்னார். நான் சிரித்தேன். மூன்று வருடத்தில் மலையிலிருந்து எனக்கு வந்த முதல் கதை. நேற்று உங்களைப் பற்றியும் நானே கேட்டேன். மழையில் பள்ளிக்கூட விடுதியின் ஓடு விழுந்தபோது பெண் பிள்ளைகள் எல்லோரையும் உங்கள் ஒற்றை அறையில் படுக்க வைத்துவிட்டு நீங்கள் வாசற்படியில் உட்கார்ந்திருந்ததைச் சொன்னார். கேட்கும்போது வயிறு எரிந்தது. நடுவில் நிறுத்தச் சொல்லவில்லை, முழுக்கக் கேட்டேன்.

மாறுதல் கேட்டிருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். உங்களுக்கு வேண்டும் என்றால் போங்கள். எனக்காகப் போக வேண்டாம். நீங்கள் போனால் என் வீடு சரியாகிவிடும் என்றால், அந்த வீடு இன்னொரு டீச்சர் வந்ததும் கெட்டுப்போகும்.

இருபத்துநான்காம் தேதி சனிக்கிழமை, களமருதூரில் எங்கள் நிலத்துக்கு அறுப்பு மெஷின் வருகிறது. இவர் விடியற்காலையிலேயே கிளம்பிவிடுவார், ராத்திரிதான் திரும்புவார். அன்று வாருங்கள். மாமா உங்களைப் பார்க்க வேண்டும் என்கிறார். வந்ததும் சாப்பாட்டுக்கு முன்னால் நன்றாகத் தலைக்குக் குளியுங்கள், சீயக்காய் அரைத்து வைக்கிறேன். அவசரப்படாமல் குளிக்கலாம், தண்ணீர் தீராது.

இவர் வீட்டில் இருக்கும் நாளில் மட்டும் வராதீர்கள். எனக்குப் பொறாமை இன்னும் தீரவில்லை. தீர்ந்ததும் சொல்லி அனுப்புகிறேன்.

அம்சவள்ளி